ஐந்து மூச்சு

ஊட்டி பிலிம் பேக்டரியில் எனக்குப் பூச்சுப் பிரிவு.
வெளிச்சம் பட்டால் சரக்கு செத்துப்போகும்.
எட்டு மணி நேரமும் கும்மிருட்டு.
முட்டிக்கொள்ளாமல் இருக்க
நடக்கிறவர் சத்தம் கொடுக்கவேண்டும், அது விதி.
போஜன் நாக்கைச் சுண்டுவான்.
லில்லி புஷ்பம் பதினாறாம் வாய்ப்பாடு சொல்வாள்,
பதினாறேழு வரும்போது எப்போதும் தடுமாறுவாள்.
நான் பேசுவேன்.
சூப்பர்வைசராக, சூப்பர்வைசரின் மனைவியாக,
கேன்டீனில் ஆறிப்போன உப்புமாவாக.
இருட்டு சிரிக்கும்.
எந்த வாய் என்று தெரியாது.

ஒரு மாலை யாரோ கதவைத் திறந்தார்கள்.
ஊசியளவு வெளிச்சம்.
ஒரு ரோல் முழுக்கப் போயிற்று.
விசாரணையில் ஏழு பேர் சொன்னார்கள்,
கதவுப் பக்கம் ஞானசிகாமணி குரல் கேட்டது என்று.
"எந்தக் குரல்?" என்று கேட்டார் அதிகாரி.
அவர் கிண்டல் செய்யவில்லை, எழுதிக்கொள்ளக் கேட்டார்.
எனக்கு வேலை போயிற்று.

பிறகு அந்த விசாரணையையே எடுத்துக்கொண்டேன்.
ஒரு நாற்காலி, ஒரு கோட்டு.
கோட்டைப் போட்டால் அதிகாரி, கழற்றினால் சாட்சி,
உள்பக்கம் வெளியே திருப்பினால் நான்.
முதல் மேடை குன்னூரில், ஒரு பள்ளிக்கூட ஹால்.
திரை விலகியதும் முகங்கள்!
அதுவரை முகத்துக்கு முன்னால் நான் பேசியதே இல்லை.
மூன்றாம் சாட்சியோடு நின்றுவிட்டேன்.
அடுத்த ஊரில் லைட் பையனிடம் சொன்னேன்,
"ரெண்டையும் என் கண்ணுக்கு நேரா வை, தம்பி."
கூசியது. எதிரே எல்லாம் கறுப்பு.
பேச வந்துவிட்டது.

பத்தொன்பது வருடம்.
அரவேணுவில் பதினோரு பேரும் ஒரு நாயும்.
கூடலூரில் மழை, தகரக் கூரை,
ஐந்தாம் சாட்சி வாயசைத்ததோடு சரி.
கேத்தியில் ஐந்நூறு ரூபாயும் ஒரு மூட்டை கேரட்டும்.
"பலகுரல் மன்னன்" என்று நோட்டீஸ் அடித்துவிட்டு
"சினிமாக்காரங்க குரல் வராதா சார்?" என்பார்கள்.
வராது.
எனக்கு எட்டுப் பேர் குரல்தான் வரும்,
அதில் மூன்று பேர் செத்தாயிற்று.

கடைசியில் அதிகாரி கோட்டோடு எழுந்து கேட்பார்,
"கதவைத் திறந்தது யார்?"
அங்கே ஐந்து மூச்சு விடுவேன்.
ஒன்று, இரண்டு...
யாராவது இருமுவார்கள்.
எங்காவது ஒரு டார்ச் சாய்ந்து விழும்.
ஐந்தாவதில் விளக்கு அணையும். கைத்தட்டல்.

போன டிசம்பரில் கோத்தகிரி.
உறைபனிக் காலம், பாதிப்பேர் தலையில் மப்ளர்.
கேட்டேன்.
மூன்றாவது மூச்சில், பின்வரிசையிலிருந்து:
"நான்தாங்க."

நான் அப்போது அதிகாரி.
கோட்டின் மேல் பொத்தான் வரை போட்டிருந்தேன்.
"மூச்சு முட்டுச்சு. இத்துனூண்டுதான் திறந்தேன்."
எனக்குத் தெரிந்த பெருமூச்சு அது,
பதினாறேழுக்கு முன்னால் வருவது.
ஞானசிகாமணியாகப் பதில் சொல்லவேண்டும் என்றால்
கோட்டைத் திருப்பவேண்டும்.
கை எழவில்லை.
அதிகாரிதான் சொன்னார்:
"சாட்சிகள் முடிந்துவிட்டன, அம்மா. உட்காருங்கள்."

கூட்டம் எழுந்து நின்று தட்டியது.
ஆள் போட்டு வைத்திருந்தேன் என்று நினைத்தார்கள்.
"அந்தம்மா ஐடியா பிரமாதம்" என்றார் செயலாளர்,
கவரில் நூறு ரூபாய் கூடுதலாக இருந்தது.
பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினேன்.
எட்டு நாற்பது வண்டி வளைவில் இறங்கிக்கொண்டிருந்தது,
பனிக்குள் சிவப்பாக இரண்டு பொட்டு.
கோட்டு இன்னும் என் மேலேயே இருந்தது.

அடுத்த மாதம் குன்னூர், அதே பள்ளிக்கூட ஹால்.
லைட் பையன் இப்போது வேறு ஆள்.
"கண்ணுக்கு நேராவா சார்?" என்றான்.
ஒன்றை மட்டும் பின்வரிசைக்குத் திருப்பச் சொன்னேன்.
முகங்கள். தொண்டை வறண்டது.
நாலாம் சாட்சியில் ஒரு வரி போனது,
பொருட்படுத்தவில்லை.
கேள்வி வந்ததும்
கடைசிப் பெஞ்சைப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

பையன் சுவிட்சில் கைவைத்து எண்ணிக்கொண்டிருந்தான்.
நான் ஆறாவது மூச்சை இழுத்தேன்.